கசாய்: வைரம் விளைந்த மண்ணும் வெறுங்கைகளும்

கல்யாண வீடுகளில் வைரத் தோட்டைக் கண்டால் பெண்கள் நாம் கேட்கும் கேள்விகள் இரண்டுதான். "எத்தனை கரட்?" என்பது ஒன்று. "என்ன விலை?" என்பது மற்றது. அந்தக் கல் எந்த நாட்டு மண்ணிலிருந்து வந்தது, அதை முதன்முதலில் எடுத்த கை யாருடையது என்று எவரும் கேட்பதில்லை. கேட்டாலும் நகைக்கடைக்காரரால் பதில் சொல்ல முடியாது.

நான் முப்பது வருடங்களுக்கு மேல் புவியியல் கற்பித்தவள். யாழ்ப்பாணத்தில் தொடங்கிய என் ஆசிரியப் பணி புத்தளத்தில் நிறைவு பெற்றது. அந்தக் காலப் பாடக் குறிப்பில் ஆபிரிக்காவின் கனிய வளங்கள் என்றோர் அட்டவணை இருக்கும். "தங்கம் - தென்னாபிரிக்கா, செம்பு - சாம்பியா, வைரம் - சயர்" என்று பிள்ளைகள் மனனம் செய்வார்கள். பரீட்சையில் ஒரு புள்ளி கிடைக்கும். அத்தோடு அந்த நாட்டின் கதை முடிந்துவிடும். சயர் என்ற பெயரும் 1997ஆம் ஆண்டு மறைந்து, இன்று அது கொங்கோ ஜனநாயகக் குடியரசு என்றே அழைக்கப்படுகிறது. ஓய்வு பெற்ற பின் கிடைத்த நேரத்தில், அந்த ஒரு வரிக்குப் பின்னால் என்னதான் இருக்கிறது என்று தேடி வாசிக்கலானேன். அந்தத் தேடல் என்னைக் கசாய் என்ற நிலத்துக்குக் கொண்டுபோய்ச் சேர்த்தது. வாசித்ததை நம் சகோதரிகளோடு பகிர்ந்துகொள்ள வேண்டும் என்ற எண்ணத்திலேயே இதை எழுதுகிறேன்.

ஆற்றின் பெயரால் ஒரு மாகாணம்

கசாய் என்பது முதலில் ஓர் ஆற்றின் பெயர். அங்கோலாவின் மேட்டு நிலத்தில் பிறந்து, 2,000 கிலோமீற்றருக்கும் அதிகமாக ஓடி, கொங்கோ மாநதியில் கலக்கிறது. லுலுவா, சங்குரு முதலிய ஆறுகள் வழியில் அதனோடு சேர்கின்றன. வடக்கே அடர்ந்த காடு. தெற்கே போகப் போகப் புல்வெளியும் மணற்பாங்கான நிலமும். நாம் பூமத்திய ரேகைக்கு வடக்கே ஏறக்குறைய 7 பாகையில் இருக்கிறோம் என்றால், கசாயின் வைர நகரமான எம்புஜி-மாயி தெற்கே 6 பாகையில் இருக்கிறது. மே நடுப்பகுதி முதல் ஓகஸ்ட் வரை அங்கே வரட்சி. மற்றைய மாதங்களில் நல்ல மழை. மரவள்ளியும் சோளமும் அங்குள்ள மக்களின் அன்றாட உணவு. இரண்டின் மாவையும் கொதிநீரில் கிண்டிக் களியாக்கிக் கீரையோடோ மீனோடோ சாப்பிடுவார்கள்.

பெல்ஜியர் ஆட்சியில் ஆற்றின் பெயரையே மாகாணத்துக்கு வைத்தார்கள். அந்த ஒரே மாகாணம் இன்று தேசப்படத்தில் இல்லை. 1962ஆம் ஆண்டு அதை ஐந்து துண்டாக்கினார்கள். 1966ஆம் ஆண்டு மேற்குக் கசாய், கிழக்குக் கசாய் என இரண்டாகச் சேர்த்தார்கள். 2015ஆம் ஆண்டு அவ்விரண்டும் கசாய், மத்திய கசாய், கிழக்குக் கசாய், லொமாமி, சங்குரு என மீண்டும் ஐந்தாயின. இந்த ஐந்தையும் கூட்டினால் நம் இலங்கையைப் போல் ஏறத்தாழ ஐந்து மடங்கு நிலப்பரப்பு வரும்.

வைரம் பிறப்பது பூமிக்கு அடியில் 150 கிலோமீற்றரையும் தாண்டிய ஆழத்தில். அங்குள்ள சூடும் அழுத்தமும் கரியைப் பளிங்காக்குகின்றன. பல கோடி வருடங்களுக்கு முன் எரிமலைக் குழம்பு அதை மேலே கொண்டுவந்து, கிம்பர்லைற்று என்ற பாறைக் குழாய்களில் விட்டுச் சென்றது. எம்புஜி-மாயியில் அத்தகைய குழாய்கள் உண்டு. மேற்கே சிகாபா என்ற ஊரில் கிடைக்கும் கற்களோ, அங்கோலாவின் லுண்டாப் பகுதியிலிருந்து ஆறுகள் அடித்துக்கொண்டு வந்தவை. நம் இரத்தினபுரியில் "இல்லம்" என்று சொல்லும் கற்சரளையைக் கூடையிலிட்டு அரித்து மாணிக்கம் தேடுவதைப் பார்த்தவர்களுக்கு, கசாயின் ஆற்றங்கரைகளில் நடக்கும் வேலையை விளக்க வேண்டியதில்லை. அதே குழி, அதே சேறு, அதே கூனிய முதுகு.

அந்தக் கல்லை நிறுக்கும் "கரட்" என்ற சொல்லிலும் நமக்குப் பழக்கமான ஒன்று இருக்கிறது. அது அரபு மொழியின் "கீராத்" வழியாக ஐரோப்பாவுக்குப் போன சொல். கரோப் என்ற மரத்தின் விதையை அக்காலத்தில் நிறைகல்லாகப் பயன்படுத்தினார்கள். ஜனாஸாவில் கலந்துகொள்வதன் நன்மையைப் பற்றிய ஹதீஸில் வரும் கீராத்தும் இதே சொல்தான். இன்றைய கரட் ஒரு கிராமின் ஐந்தில் ஒரு பங்கு.

நெய்த கைகளும் வெட்டப்பட்ட கைகளும்

வைரம் என்றால் என்னவென்று ஐரோப்பியர் சொல்லிக்கொடுக்கும் முன்னரே கசாயில் செல்வம் இருந்தது. சங்குரு, லுலுவா, கசாய் ஆறுகளுக்கு இடைப்பட்ட பூமியில் குபா என்றோர் இராச்சியம் 17ஆம் நூற்றாண்டு முதல் சிறப்புற்று விளங்கியது. ரஃபியா என்ற பனை இனத்தின் ஓலை நாரை ஆண்கள் தறியில் துணியாக நெய்வார்கள். பெண்கள் அந்தத் துணியில் ஊசியால் நூலைக் கோத்து, நுனிகளைச் சின்னக் கத்தியால் ஒட்ட வெட்டி, வெல்வெட் போன்ற சித்திரங்களை ஆக்குவார்கள். முன்கூட்டியே வரைந்துகொள்ளும் வழக்கம் இல்லை. கோலம் முழுவதும் அவர்களின் மனதிலேயே இருக்கும். ஒரு துணியை முடிக்க மாதக் கணக்கும் செல்லும். உலகின் பெரிய நூதனசாலைகளில் இன்று அவை கண்ணாடிப் பெட்டிக்குள் இருக்கின்றன. ஊசி நூல் வேலை தெரிந்த நம் பெண்கள் ஒருமுறை படத்திலாவது பார்க்க வேண்டிய வேலைப்பாடு அது.

அந்தப் பூமிக்குத் துன்பம் இரண்டு பக்கத்திலிருந்தும் வந்தது. கிழக்கிலிருந்து 1870களிலும் 80களிலும் சன்சிபார்க் கரையின் வியாபாரிகள் யானைத் தந்தமும் அடிமைகளும் தேடி லொமாமி ஆறு வரை வந்தார்கள். திப்பு திப் என்று அழைக்கப்பட்ட ஹமத் பின் முஹம்மத் அவர்களுள் பேர்பெற்றவர். அவர்கள் நம் மார்க்கத்தவர் என்பதற்காக இதை மறைத்து எழுதுவது நியாயமாகாது. சுட்டெரிக்கப்பட்ட ஊர்களில் இருந்தவர்களும் ஆதமுடைய மக்களே.

மேற்கிலிருந்து வந்தவர் பெல்ஜிய மன்னர் இரண்டாம் லியோபோல்ட். 1885ஆம் ஆண்டு முதல் 1908ஆம் ஆண்டு வரை முழுக் கொங்கோவும் அவருடைய சொந்த உடைமையாக இருந்தது. மக்களிடம் றப்பர்ப் பால் வரியாகக் கேட்கப்பட்டது. கொடுக்காத ஊர்கள் மீது கூலிப்படை ஏவப்பட்டது. வில்லியம் ஷெப்பர்ட் என்பவர் அமெரிக்காவிலிருந்து வந்த கறுப்பினத்துக் கிறிஸ்தவப் போதகர். கசாயின் லுவெபோ என்ற இடத்தில் தங்கியிருந்தவர். 1899ஆம் ஆண்டு அத்தகைய படையொன்றின் முகாமுக்குப் போனபோது, நெருப்பின் மேல் புகை போட்டு வைத்திருந்த மனிதக் கைகளைக் கண்டார். ஏவிய வேலையைச் செய்து முடித்ததற்கு அதிகாரிகளிடம் காட்ட வேண்டிய சாட்சி அவை. அவர் ஒவ்வொன்றாக எண்ணினார். 81 வலது கைகள்.

அவர் கண்டதை எழுதினார். பின்னர் 1908ஆம் ஆண்டு கசாயின் றப்பர்க் கம்பனி மக்களை வதைப்பது பற்றியும் எழுதினார். அதற்காக அவதூறு வழக்கில் நிறுத்தப்பட்டார். பெல்ஜியத்திலிருந்தே எமில் வண்டர்வெல்ட் என்ற சட்டத்தரணி வந்து அவருக்காக வாதாடினார். 1909ஆம் ஆண்டு ஷெப்பர்ட் விடுதலையானார். எண்ணி வைத்த ஒரு மனிதர் இருந்தபடியால்தான் அந்த 81 பேராவது உலகத்தின் கணக்கில் ஏறினார்கள்.

கல் கண்டெடுக்கப்பட்ட பின்

றப்பர்ப் பாலின் காலம் முடியும் தறுவாயில், 1907ஆம் ஆண்டு, சிகாபாப் பக்கத்தில் முதல் வைரம் கிடைத்தது. அதற்கு முந்தைய ஆண்டு லியோபோல்ட் மன்னர் அமெரிக்க முதலாளிகளையும் சேர்த்து ஃபோர்மினியேர் என்ற கம்பனியைத் தொடங்கியிருந்தார். 1918ஆம் ஆண்டு கிழக்கே பக்வாங்காவில் அதைவிடப் பன்மடங்கு பெரிய புதையல் தெரியவந்தது. பக்வாங்காவே பின்னாளில் எம்புஜி-மாயி எனப் பெயர் மாறியது. லூபா மக்களின் மொழியில் அதன் பொருள் "ஆட்டுத் தண்ணீர்". வைரத்துக்கு முன் அங்கே ஆடுகள் தண்ணீர் குடித்தன என்பதைப் பெயராவது ஞாபகம் வைத்திருக்கிறது.

பக்வாங்காவில் கிடைத்தவற்றில் பெரும்பாலானவை நகைக்கு உதவாத மங்கலான கற்கள். ஆனால் இரும்பை அறுக்கவும் தேய்க்கவும் அவை வேண்டும். இரண்டாம் உலகப் போரில் நேச நாடுகளின் தொழிற்சாலைகள் பாவித்த கைத்தொழில் வைரத்தின் பெரும்பகுதி கொங்கோவிலிருந்தே போனது. போருக்குப் பின்னும் பல வருடங்கள், எண்ணிக்கையால் உலகிலேயே மிக அதிகம் வைரம் தந்த நாடுகளுள் கொங்கோ முன்னணியில் நின்றது. பக்வாங்காவோ கம்பனியின் பட்டினமாக, அனுமதிப் பத்திரமின்றி நுழைய முடியாத இடமாக இருந்தது.

1960 ஜூன் 30ஆம் திகதி கொங்கோ சுதந்திரமடைந்தது. முதற் பிரதமர் பட்ரிஸ் லுமும்பா கசாயின் சங்குருப் பகுதியில் 1925ஆம் ஆண்டு பிறந்தவர். சுதந்திரத்துக்கு முன்பே, 1959ஆம் ஆண்டு, லுலுவா மக்களுக்கும் லூபா மக்களுக்கும் இடையே மோதல் மூண்டிருந்தது. லூபாக்கள் தலைமுறைகளாக வாழ்ந்த ஊர்களை விட்டுப் பக்வாங்காவை நோக்கி ஓடினார்கள். 1960 ஓகஸ்டில் அல்பேர்ட் கலோன்ஜி என்ற தலைவர் தென் கசாயைத் தனி நாடாக அறிவித்தார். வைரக் கம்பனியின் பணம் அவருக்குப் பின்னால் இருந்தது. அதே மாதம் மத்திய அரசின் இராணுவம் பக்வாங்காவுக்குள் புகுந்து லூபாப் பொதுமக்களைக் கொன்று குவித்தது. இனப்படுகொலைக்குரிய தன்மைகள் இதில் உண்டு என அன்றைய ஐ.நா. செயலாளர் நாயகம் ஹமர்ஷெல்ட் கூறினார்.

பின்னால் பஞ்சம் வந்தது. 1960ஆம் ஆண்டின் இறுதியில் தென் கசாயில் நாளொன்றுக்கு ஏறக்குறைய 200 பேர் பட்டினியால் இறந்துகொண்டிருந்ததாக ஐ.நா. கணித்தது. பெரும்பாலோர் அகதிகள், அவர்களிலும் குழந்தைகள். சகோதரிகளே, இதைச் சற்று நினைத்துப் பாருங்கள். உலகின் தொழிற்சாலைகளுக்கு வைரம் கொடுத்த பூமியில், வயிறு வீங்கிய பிள்ளையை மடியில் வைத்திருந்த தாய்க்கு ஒரு பிடி மாவு இல்லை. காலடி மண்ணில் கிடந்தது எதுவும் அவளுக்கு உணவாகவில்லை.

லுமும்பாவின் முடிவும் கசாயிலேயே தொடங்கியது. பதவி பறிக்கப்பட்டு வீட்டுக் காவலில் இருந்த அவர் தப்பி, மனைவியோடும் சின்ன மகனோடும் தன் ஆதரவாளர்களை நோக்கிப் பயணமானார். 1960 டிசம்பர் முதலாம் திகதி சங்குரு ஆற்றங்கரையில் பிடிபட்டார். 1961 ஜனவரி 17ஆம் திகதி கட்டங்காவில் கொல்லப்பட்டார். அவருடைய உடல் அமிலத்தில் கரைக்கப்பட்டது. எஞ்சியிருந்த ஒரு பல்லை, 61 வருடங்களுக்குப் பிறகு, 2022 ஜூனில் பெல்ஜியம் அவருடைய பிள்ளைகளிடம் ஒப்படைத்தது. கலோன்ஜியின் தனி நாடும் 1962ஆம் ஆண்டோடு முடிவுக்கு வந்தது.

பெயரில்லாத சிறுமி

1965ஆம் ஆண்டு ஆட்சியைக் கைப்பற்றிய மொபுட்டு, கசாயின் வைரக் கம்பனியை அரசுடைமையாக்கினார். மிபா என்பது அதன் சுருக்கப் பெயர். சாதாரண மக்கள் தங்கள் சொந்த நிலத்தில் வைரம் தோண்டுவதும் குற்றமாக இருந்தது. 1979 ஜூலையில் கட்டெக்கெலாயி என்ற இடத்தில் ஆற்றோரம் கல் அரித்த இளைஞர்களை இராணுவம் சுட்டுக் கொன்றது. 1980களின் தொடக்கத்தில் சட்டம் தளர்த்தப்பட்டதும், ஊரே மண்வெட்டியோடு புறப்பட்டது. மாதச் சம்பளம் சரியாகக் கிடைக்காத ஆசிரியர்கள் வகுப்பறையை விட்டுக் குழிக்குள் இறங்கினார்கள். பின்னால் மாணவர்களும் போனார்கள். ஆசிரியை என்ற முறையில் இந்த இடத்தை என்னால் சுலபமாகக் கடந்துபோக முடியவில்லை.

அந்தக் காலத்தில் நடந்ததுதான் இந்தக் கதை. மிபா கம்பனி வைரம் அரித்த பின் கழித்துப்போட்ட கற்குவியலை எம்புஜி-மாயியில் பலரும் வீட்டு முற்றத்துக்கு அள்ளி வருவார்கள். அப்படியொரு குவியல் ஒரு சிறுமியின் மாமா வீட்டு வாசலில் கிடந்தது. 1984ஆம் ஆண்டளவில் அதில் விளையாடிக்கொண்டிருந்த அவள், மஞ்சள் நிறமான பெரிய கல்லொன்றை எடுத்தாள். அளவில் பெரிதாக இருந்தபடியால் வைரமாக இராது என்று இயந்திரம் ஒதுக்கிவிட்ட கல் அது. அதன் நிறை 890 கரட். நம் கணக்கில் 178 கிராம்.

சிறுமி கல்லை மாமாவிடம் கொடுத்தாள். அவர் உள்ளூர் வியாபாரியிடம் விற்றார். கை மாறி, கை மாறி, அது பெல்ஜியத்தின் அன்ற்வேர்ப் நகருக்குப் போனது. அமெரிக்காவின் பெரிய நகை வியாபாரிகள் அதை வாங்கினார்கள். பட்டை தீட்ட நான்கு வருடங்கள் சென்றன. 407.48 கரட்டில் ஒரு பெரிய வைரமும் வேறு 14 சிறியவையும் அதிலிருந்து வந்தன. பெரியதற்கு "ஒப்பற்றது" என்ற பொருளில் பெயர் வைத்தார்கள். 2013ஆம் ஆண்டு அது ஒரு கழுத்து மாலையில் பதிக்கப்பட்டு, உலகின் அதிக விலையுள்ள மாலை என்று கின்னஸ் புத்தகத்தில் ஏறியது. விலை 5 கோடி 50 இலட்சம் டொலர்.

வாங்கியவர்களின் பெயர் தெரியும். வெட்டியவரின் பெயர் தெரியும். மாலை செய்த நிறுவனத்தின் பெயர் தெரியும். கல்லுக்கே ஒரு பெயர் உண்டு. எடுத்துக் கொடுத்த சிறுமியின் பெயர் மட்டும் நான் வாசித்த எந்தக் குறிப்பிலும் இல்லை. "ஒரு சிறுமி" என்று எழுதிவிட்டு எல்லோரும் கல்லின் கதைக்குப் போய்விடுகிறார்கள். அவளுக்கு ஒரு புதுச் சட்டையாவது கிடைத்ததா, அவள் எழுதப் படித்தாளா என்று எவரும் கேட்கவில்லை. உயிரோடிருந்தால் இன்று அவள் பேரப்பிள்ளை கண்டிருக்கவும் கூடும்.

போ என்றார்கள்

கசாய் மக்கள் வெறுமனே அழுதுகொண்டிருந்தவர்கள் என்று எண்ணிவிடக் கூடாது. 1993ஆம் ஆண்டு மொபுட்டு அரசு புதிய பணத்தாளை அச்சிட்டது. பழைய தாள் 30 இலட்சத்துக்குப் புதியது ஒன்று. கசாயோ அதை வாங்க மறுத்தது. சந்தையில் மரவள்ளி மா விற்ற பெண்கள் முதல் வைர வியாபாரிகள் வரை கிழிந்த பழைய தாளையே வைத்துக் கொடுக்கல் வாங்கல் செய்தார்கள். நாட்டின் மற்றைய பகுதிகளில் விலைவாசி தாறுமாறாக ஏறியபோது, பழைய தாள் கசாயில் ஓரளவு பெறுமதியோடு நின்றது.

அதே காலத்தில்தான் கசாயின் இன்னொரு துன்பமும் நடந்தது. பெல்ஜியர் காலத்தில் செம்புச் சுரங்கங்களிலும் புகையிரதப் பாதையிலும் வேலை செய்யக் கசாய் மக்களைத் தெற்கே கட்டங்காவுக்குக் கொண்டுபோயிருந்தார்கள். மூன்று தலைமுறைகளாக அங்கே பிறந்து வளர்ந்தவர்களை நோக்கி, 1992ஆம் ஆண்டிலும் 1993ஆம் ஆண்டிலும், "உங்கள் ஊருக்குப் போங்கள்" என்று சொல்லப்பட்டது. "பிலுலு", அதாவது பூச்சிகள், என்று அவர்களை அழைத்தார்கள். வீடுகள் எரிந்தன. இலட்சக்கணக்கானோர் லிகாசி, கொல்வேசி புகையிரத நிலையங்களில் பிள்ளை குட்டிகளோடு வாரக் கணக்காக, மாதக் கணக்காக வண்டிக்குக் காத்துக் கிடந்தார்கள். பலர் அந்த மேடைகளிலேயே நோயில் இறந்தார்கள். மற்றவர்கள் தாங்கள் ஒருநாளும் கண்டிராத "சொந்த ஊரான" கசாய்க்கு வந்து இறங்கினார்கள்.

இதை வாசித்தபோது எனக்குத் தேசப்படம் தேவைப்படவில்லை. 1990 ஒக்டோபர் 30ஆம் திகதி யாழ்ப்பாணத்திலிருந்து வெளியேற எங்களுக்கு இரண்டு மணித்தியாலம் தந்தார்கள். வழியில் நின்ற ஆயுததாரிகள் பெண்களின் நகைகளைக் கழற்றச் சொன்னார்கள். கைக்குழந்தைகளின் காதுகளையும் விடவில்லை. என் காதில் கிடந்தது உம்மா தந்த தோடு. சின்னச் சிவப்புக் கல் வைத்தது. பெரிய விலைக்குப் போகாது. புத்தளத்தில் அகதி முகாமின் ஓலைக் கொட்டிலில் இருந்தபோது நான் தேடியது தோட்டை அல்ல. எங்கள் தெருவின் பெயரைச் சொன்னால் அது எங்கே இருக்கிறது என்று தெரிந்த ஒரு முகத்தைத்தான் தேடினேன். முகாமில் வந்து பதிந்தவர்கள் எங்களை "இத்தனை குடும்பங்கள்" என்று எழுதிக்கொண்டார்கள். உலர் உணவு கொடுக்க அந்தக் கணக்குத் தேவைதான். ஆனாலும் ஒரு தொகையாக மட்டும் எண்ணப்படுவது என்னவென்று அன்று அறிந்துகொண்டேன். லிகாசி மேடையில் மூட்டையின் மேல் உட்கார்ந்திருந்த ஏதோவொரு ஆசிரியையும் அதை அறிந்திருப்பாள்.

கல் யாருக்கு, குழி யாருக்கு

1998ஆம் ஆண்டு தொடங்கிய பெரும் போரின் செலவில் ஒரு பங்கை எம்புஜி-மாயியின் வைரமே சுமந்தது. வறுமையால் கம்பனிக் காணிக்குள் இரவில் களவாக நுழைந்து தோண்டிய இளைஞர்களைக் காவலர்கள் சுட்டார்கள். அவ்வாறு பலர் கொல்லப்பட்டதை சர்வதேச மன்னிப்புச் சபை 2002ஆம் ஆண்டு அறிக்கையாக வெளியிட்டது. அந்த இளைஞர்களுக்கு ஊரார் வைத்த பெயர் "தற்கொலைக்காரர்".

2003ஆம் ஆண்டு முதல் கிம்பர்லி ஒழுங்குமுறை என்ற உலக உடன்பாடு நடைமுறைக்கு வந்தது. இரத்தக்கறை படிந்த வைரத்தைத் தடுப்பது அதன் நோக்கம். ஆனால் கிளர்ச்சிப் படைகளுக்குப் பணம் தேடித்தரும் வைரத்தையே அது தடுக்கிறது. அரசின் காவலர் சுட்டு ஒருவர் இறந்த குழியிலிருந்து வந்த கல்லுக்குச் சான்றிதழ் கிடைக்க அதில் தடையில்லை. "சான்றிதழ் உள்ள கல்" என்று கடையில் சொல்லும்போது இதையும் நாம் அறிந்திருப்பது நல்லது.

இதற்கிடையில் கல்லின் காலமும் மாறியது. கைத்தொழிலுக்கு வேண்டிய வைரத்தைத் தொழிற்சாலையிலேயே மலிவாகச் செய்யும் வழியை 1954ஆம் ஆண்டு அமெரிக்காவில் கண்டுபிடித்திருந்தார்கள். கசாயின் மங்கலான கற்களுக்கு வரவர மதிப்புக் குறைந்தது. 2008ஆம் ஆண்டின் இறுதியில் மிபா சுரங்கத்தில் வேலை நின்றது. பின்னர் தொடங்கியபோதும் பழைய நிலை திரும்பவில்லை. வைரம் கொடுத்த நகரில் ஒழுங்கான மின்சாரம் இல்லை. அருகே புகையிரதப் பாதையும் இல்லை. மிகக் கிட்டிய நிலையமான ம்வெனே-டிட்டு நூறு கிலோமீற்றருக்கும் அப்பால். சோள மூட்டைகளைச் சைக்கிளில் கட்டி, ஏறி ஓட்ட முடியாமல், நாட்கணக்கில் தள்ளிக்கொண்டே வருவார்கள். மழை பெய்தால் மணல் நிலம் அரிந்து பள்ளங்கள் திறக்கின்றன. எம்புஜி-மாயியிலும் கனங்காவிலும் வீடுகள் அவற்றுள் சரிந்து விழுகின்றன.

2016ஆம் ஆண்டு கனங்காப் பக்கத்தில் ஒரு பாரம்பரியத் தலைவர் கொல்லப்பட்டதைத் தொடர்ந்து மூண்ட கலவரத்தில் சிறுவர் சிறுமியரும் ஆயுதமேந்த வைக்கப்பட்டார்கள். அடுத்த வருடத்துக்குள் சுமார் 14 இலட்சம் பேர் இடம்பெயர்ந்தார்கள். 80க்கும் மேற்பட்ட மனிதப் புதைகுழிகளை ஐ.நா. பதிவு செய்தது. 2021 ஜூலையில் அங்கோலாவின் வைரச் சுரங்கமொன்றின் கழிவுநீர் ஆற்றில் கலந்து, சிகாபாவரை தண்ணீர் சிவப்பாக ஓடியது. மீன்கள் செத்து மிதந்தன. 12 பேர் இறந்ததாகக் கொங்கோ அரசு கூறியது. முன்பு வைரத்தைக் கொண்டுவந்த அதே ஆற்று வழியில் இப்போது நஞ்சு வந்தது.

இவ்வளவையும் எழுதுவது வைரம் அணியாதீர்கள் என்று சொல்வதற்காக அல்ல. குழியில் இறங்குபவனுக்கும் அந்தக் கல் விற்றால்தான் அடுப்பெரியும். கல்லை மதிக்கத் தெரிந்த நமக்கு, அது வந்த வழியையும் மதிக்கத் தெரிய வேண்டும் என்பதே என் எண்ணம். வாங்குபவர் ஒவ்வொருவரும் "இது எங்கிருந்து வந்தது?" என்று கேட்டால், விற்பவரும் ஒருநாள் தனக்கு விற்றவரிடம் அதைக் கேட்கத்தான் வேண்டியிருக்கும்.

ஒன்றை மட்டும் நான் கண்டுகொண்டேன். கசாயை விட்டு றப்பர்ப் பால் போனது, யானைத் தந்தம் போனது, வைரம் போனது. போனவை திரும்பவில்லை. அங்கேயே எஞ்சி நிற்பது மக்கள் கைகளாலும் மனங்களாலும் ஆக்கிக்கொண்டவை. ரஃபியாத் துணியில் கோலம் போடும் அறிவை எந்தக் கம்பனியாலும் கப்பலேற்ற முடியவில்லை. உம்மாவின் காதிலிருந்து மகளின் காதுக்கு வரும் தோட்டை ஒருவன் கழற்றிக்கொள்ளலாம். உம்மா கற்றுக்கொடுத்ததைக் கழற்ற முடியாது. எங்கள் வாழ்க்கையும் அதற்குச் சாட்சி. முகாமில் முதலில் நாங்கள் தொடங்கியது குர்ஆன் மதரஸாவும் பாடசாலையும்தான்.

இப்போது என்னிடம் பாடம் கேட்பவர்கள் பேரப்பிள்ளைகள். ஆபிரிக்கப் படத்தை விரித்தால், வைரம் எங்கே என்று கேட்பார்கள். கசாய் ஆற்றை அதன் ஊற்றிலிருந்து விரலால் தொடரச் சொல்கிறேன். வழியில் லுவெபோவில் நின்று, கைகளை எண்ணிய மனிதரைப் பற்றிச் சொல்கிறேன். பிறகு கிழக்கே போய், எம்புஜி-மாயியில் ஒரு சிறுமி இருந்தாள் என்று சொல்கிறேன். "அவளுடைய பெயர் என்ன, உம்மும்மா?" என்று சின்னவள் ஒவ்வொரு முறையும் கேட்கிறாள். தெரியாது என்றே சொல்ல வேண்டியிருக்கிறது. ஆனால் அவள் கேட்கிறாள்.